தங்கைக்கு நீங்கள் கொடுத்த புடவை

போன வாரம் வக்கீலின் மேசைமேல் உங்கள் தங்கை அந்தப் புடவையைப் பிரித்து வைத்தாள். பாச்சை உருண்டை வாசனை குப்பென்று எழுந்தது. பட்டோடு அதை வைக்காதே, ஜரிகை கறுத்துவிடும் என்று எத்தனையோ முறை சொல்லியிருக்கிறேன். கேட்டால்தானே. மாம்பழ மஞ்சள், அரக்குக் கரை. உங்கள் தறியில் புதுப் பாவு நூல் ஏற்றி நீங்கள் நெய்து அறுத்த முதல் புடவை. அந்த வாசனையில் எனக்கு உங்கள்மேல் கோபம்தான் முதலில் வந்தது.

புதுப் பாவின் முதல் புடவை வீட்டில் பிறந்த பெண்ணுக்கு என்பது உங்கள் குடும்ப வழக்கம். சொத்தை விற்கும்போது சம்மதம் தரும் பெண்ணுக்குப் புடவை வைத்துக் கொடுப்பது ஊர் வழக்கம். இரண்டுக்கும் அதே வெற்றிலைத் தட்டுதான். அந்த வெள்ளிக்கிழமை இந்தப் புடவையை வைத்து நீங்கள் அவளிடம் நீட்டிய தட்டு எதற்காக?

அதற்கு முந்தின வாரம் எதிர்வீட்டுப் பட்டு வியாபாரியோடு கிரய ஒப்பந்தம் போட்டிருக்கிறீர்கள். என்னிடம் சொல்லவில்லை, அதை விடுங்கள். உங்கள் பெயரிலும் தங்கை பெயரிலும் இருக்கிற வீடு முழுவதையும் விற்பதாக எழுதி, நீங்கள் மட்டும் கையெழுத்துப் போட்டு, அவளுக்கு இடம் விட்டிருக்கிறீர்கள். அந்த இடம் இன்றுவரை காலியாகத்தான் இருக்கிறது. கிரயம் ஆவதற்குள் நீங்கள் கண்ணை மூடிவிட்டீர்கள். ஒப்பந்தப்படி வீட்டை எழுதிக் கொடுக்க வேண்டும் என்று வியாபாரி வழக்குப் போட்டார். அவளும் வாய்மொழியாகச் சம்மதித்தாள், அதற்குத்தான் தன் கண்முன்னே புடவை வாங்கிக்கொண்டாள் என்கிறார். அவர் பொய் சொல்கிற மனிதர் இல்லை. அன்று கூடத்தில் அவர் உட்கார்ந்திருந்தது உண்மை.

அவள் சம்மதித்தது நிரூபணமாகாவிட்டால் உங்கள் பாதியோடு போகும் என்கிறார் நம் வக்கீல். ஆகிவிட்டால் அவளுடைய பின்கட்டும் தறியும் சேர்ந்து போகும். நான் மகன் வீட்டுக்குப் போய்விடலாம். கட்டியவன் விட்டுப்போன அவளுக்குப் போக்கிடம் ஏது?

எனக்குப் புரியாதது இதுதான். ஒப்பந்தம் போட்ட பிறகுதானே பின்கட்டில் அவளுக்குப் புதுத் தறிக்குழி வெட்ட ஆள் வைத்தீர்கள்? அவளை உட்காரவைத்து, கால் எட்டுகிறதா என்று நீங்களே ஆழம் பார்த்தீர்கள். விற்கப்போகிற வீட்டில் யாராவது குழி வெட்டுவார்களா? மனம் மாறி, அதை வியாபாரியிடம் சொல்லக் கூச்சப்பட்டீர்களா? அப்படியென்றால் அவரை ஏன் கூடத்தில் உட்காரவைத்தீர்கள்? எப்படி யோசித்தாலும் ஏதோ ஒன்று இடிக்கிறது.

"கட்டிகினு வா, பாக்கலாம்" என்றீர்கள் அன்று அவளிடம்.

"கெழவி ஆனப்புறம் மஞ்சக் கலரா? நெல்லு மூட்ட மாதிரி இருப்பேன்ணா" என்றாள் அவள். வியாபாரிகூடச் சிரித்தார். நான் காபி கலக்க உள்ளே போனேன். திரும்பி வந்தபோது மழையைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தீர்கள். இடையில் என்ன நடந்தது?

புதுப் பாவுக்காகக் கொடுத்தது என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும் என்று வக்கீல் என்னைத் தயார் செய்தார். "வீட்டுக்காரம்மா நீங்க. உங்களுக்குத் தெரியாம இருக்குமாங்க?" என்றார். நான் படித்த கான்வென்ட்டில் விடை தெரியாத கேள்விக்கு எதையாவது எழுதி நிரப்பினால் மதர் தாளையே முகத்துக்கு நேரே திருப்பித் தருவார். காலியாக விட்டால் ஒன்றும் சொல்லமாட்டார். இன்று காலை சாட்சிக் கூண்டில் ஏறினேன். அந்தப் புடவை எதற்காக என்று கேட்டார்கள். "எனக்குத் தெரியாது. நான் அவரைக் கேட்கவில்லை" என்றேன். வக்கீல் பேனாவை மூடிவிட்டார்.

ஊருக்குத் திரும்பும்போது சேவூர் பேருந்தில் அவள் வேறு இருக்கைக்குப் போவாள் என்று நினைத்தேன். என் பக்கத்திலேயே உட்கார்ந்தாள்.

"அண்ணி, நெஜமாவே தெரியாதா உங்களுக்கு?"

"தெரியாது."

ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். "எனக்கும் தெர்ல அண்ணி. வூட்டப் பத்தித்தான் ஏதோ சொல்லிகினு இருந்தாரு. நான் புடவையையே பாத்துகினு இருந்தேன். சரிண்ணா சரிண்ணான்னு தலையாட்டிட்டேன்."

அடுத்த வாய்தாவில் அவள் கூண்டில் ஏற வேண்டும். என்ன சொல்லப்போகிறாய் என்று நான் கேட்கவில்லை. வக்கீலிடமும் இதைச் சொல்லப்போவதில்லை. காலையில் நான் சொன்னது சுத்தமான உண்மை. என்னை இன்னொரு முறை கூப்பிட்டுக் கேட்டால் அதே பதிலை அதே சுத்தத்தோடு என்னால் சொல்ல முடியாது. கூப்பிடக் கூடாதே என்று வேண்டிக்கொள்கிறேன். அவள் தலையாட்டினாள் என்பது இனி என்னோடு இருக்கும். எதற்குத் தலையாட்டினாள் என்பதை நீங்கள் கொண்டுபோய்விட்டீர்கள்.