கொழுகொம்புகளின் காடு

ஏப்ரல் 11

ஸ்த்ரெம்கா ஊரின் காட்டை மடம் திருடுகிறது. அதற்குச் சாட்சியாக அறுநூறு வருடங்களுக்கு முன் செத்துப்போன ஒரு துறவியைக் கூட்டி வந்திருக்கிறது.

கொஞ்சம் நாசூக்காக எழுதலாம் என்று பார்த்தேன். வரவில்லை. இப்படியே இருக்கட்டும்.

இன்று மடத்து ஆண்டேடு, வருடவாரியாக நடந்ததைத் தோலில் எழுதி வைத்த ஏடு, என் மேஜைக்கு வந்தது. இந்த அருங்காட்சியகத்தில் பழைய ஏடுகளைச் சோதிப்பவள் நான் ஒருத்திதான். மடத்தலைவர் கவ்ரில் தானே எடுத்து வந்தார். கூடவே தோல் ஜாக்கெட் போட்ட ஒருவன், மரக் கம்பெனி முதலாளி. இருவரும் ஒரே காரில் வந்து இறங்கினார்கள். கார் அவனுடையது.

"பாத்துத் தொடும்மா இஸ்க்ரா. நம்ம எல்லாரோட ஆத்மாவும் இதுக்குள்ளதான் இருக்கு."

"காடும் இதுக்குள்ளதான் இருக்காமே சாமி?"

கவ்ரில் வயிறு குலுங்கச் சிரித்தார். ஜாக்கெட்காரன் சிரிக்கவில்லை.

கம்யூனிஸ்டுகள் பிடுங்கிய நிலத்தைப் பழைய உரிமையாளருக்கே திருப்பித் தரும் சட்டம் வந்ததிலிருந்து ஆதாரம் காட்டியவன் ராஜா. ஸ்த்ரெம்காவின் மேல்காடு ஊர்ப் பொது. யாரும் எழுதி வைக்கவில்லை, எழுதத் தேவையும் இருந்ததில்லை. ஊர் முழுக்க அந்த விறகில்தான் குளிர்காலத்தைக் கடக்கிறது. ஊர்க் கூட்டுறவில் மரம் வெட்டுகிற அப்பாவுக்கும் அதுதான் சோறு. மடத்திடம் இந்த ஏடு இருக்கிறது. இது அசல் என்று நான் கையெழுத்துப் போட்டால் நீதிமன்றத்துக்கு வேறெதுவும் வேண்டாம்.

ஏப்ரல் 19

ஏட்டைப் படித்து முடித்தேன். படிக்க என்ன இருக்கிறது? பாதி எனக்கு மனப்பாடம். எட்டு வயதில், வெள்ளைச் சட்டை போட்டு, ஊர்ச் சதுக்கத்தில் நின்று ஒப்பித்தது. நிகிஃபோர் என்ற துறவி எழுதியதாம். துருக்கியர் படை வந்தபோது ஸ்த்ரெம்கா ஆண்கள் கணவாயை மறித்து நின்றார்கள், ஒருவரும் வீடு திரும்பவில்லை, பெண்களே குழி தோண்டிப் புதைத்தார்கள் என்று சொல்கிற பக்கம். அதைக் கேட்டால் ஊரில் குடிகாரன்கூடத் தொப்பியைக் கழற்றுவான்.

1869இல் பலிபீடத்துச் சுவரை இடிக்கும்போது இதைக் கண்டெடுத்ததாகச் சொன்னவர் வெனியமின் சாமி. மடத்துத் துறவி, ஊரின் முதல் வாத்தியார். ஏழு வருடம் கழித்துத் துருக்கியர் அவரைத் தூக்கில் போட்டார்கள். பள்ளிக்கூடத்துக்கு அவர் பெயர். சதுக்கத்தில் அவர் சிலை.

மடத்து வக்கீல் சிவப்புப் பென்சிலால் கோடிட்டு அனுப்பியிருக்கும் வரி இது:

"புனித ஜார்ஜ் திருநாள் கழிந்ததும் சகோதரர்கள் ஓடைக்கு மேலுள்ள காட்டில், நம் மடத்துக்கு அரசர் அளித்த காட்டில், பீன்ஸ் கொடி ஏறுவதற்குக் கொம்புகள் வெட்டுவர். எவனும் தடுக்கலாகாது."

அவ்வளவுதான். இந்த ஒரு வரிக்கு ஒரு மலைச்சரிவு.

ஏப்ரல் 20

தோல் பழசு. மசி சரி. எழுத்து சரி. எனக்கு மட்டும் ஏதோ சரியில்லை.

மே 3

இயக்குநர் க்ராஷேவ் இன்றும் வந்து நாற்காலி விளிம்பில் உட்கார்ந்தார். பென்ஷனுக்கு இரண்டு வருடம் பாக்கி உள்ள மனிதர். காற்றடித்தாலும் பயப்படுவார்.

"எதுக்கு இவ்ளோ நாள்? தோல் பழசுன்னு நீதானே சொன்னே?"

"தோல் பழசுதான் சார். வேற ஏதோ பழைய புஸ்தகத்தைச் சுரண்டி மேல எழுதியிருந்தா? தோல் பழசாத்தானே இருக்கும்."

"சுரண்டின தடம் இருக்கா?"

"சில இடத்துல இருக்கு. அந்தக் காலத்துத் துறவிங்களும் அப்படிச் செஞ்சவங்கதான். அதை வெச்சு ஒண்ணும் சொல்ல முடியாது."

"அப்ப சொல்லாதே. உங்க அப்பா அந்தக் காட்டுல வெட்டுறாரு. நீ பொய்யின்னு எழுதினா மகள்னு பேசுவாங்க. அசல்னு எழுதினா நேர்மையானவள்னு பேசுவாங்க. யோசி."

என்னை அவர் பயமுறுத்தவில்லை, என்மேல் அக்கறை காட்டுகிறார். அதுதான் எரிச்சல்.

மே 14

தூங்குவதற்குள் எழுதிவிடுகிறேன்.

ஊருக்குப் போயிருந்தேன். அப்பா தோட்டத்தில் பீன்ஸுக்குக் கொம்பு நட்டுக்கொண்டிருந்தார். நான் பிடிக்க, அவர் நான்கு நான்காகச் சேர்த்து உச்சியில் நாரால் கட்டினார். வருஷா வருஷம் செய்வதுதான். மூன்றாவது வரிசையில் என் கை நின்றுவிட்டது.

கொம்பு எதற்கு? கொடி ஏற. கொடி பீன்ஸ் எங்கிருந்து வந்தது? அமெரிக்காவிலிருந்து. கப்பல் அந்தப் பக்கம் போனதே நிகிஃபோர் செத்து நூறு வருடம் கழித்து. நிகிஃபோர் காலத்துத் துறவி பீன்ஸ் என்று தின்றது வேறு பயிர். தடித்த தண்டு, இடுப்பளவு உயரம், தானே நிமிர்ந்து நிற்கும். அதற்குக் கொம்பு நடுகிறவன் பைத்தியக்காரன்.

நூற்றுமுப்பது வருடமாக எத்தனை பேராசிரியர்கள் இந்த வரியைத் தாண்டிப் போயிருக்கிறார்கள்! ஒருவனுக்கும் உறுத்தவில்லை. எப்படி உறுத்தும்? இந்த நாட்டில் மடம் என்றால் பீன்ஸ் சூப். எந்தச் சாப்பாட்டுக் கடைப் பலகையிலும் 'மடத்து பீன்ஸ்' என்றுதான் போட்டிருக்கும். ஆதாமே நோன்புக்கு அதைத்தான் குடித்தான் என்று நம்புகிறவர்கள் நாங்கள். கண்டெடுத்ததாகச் சொன்ன வெனியமின்தான் இதை எழுதியவர், அவரும் அப்படித்தான் நம்பியிருப்பார். ஜன்னலுக்கு வெளியே மடத்துத் தோட்டம், கொம்பில் ஏறும் கொடி. எட்டிப் பார்த்தார், எழுதினார்.

அப்பாவிடம் சொன்னேன். முதலில் சிரித்தார். தொடையில் அடித்துக்கொண்டு சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றது.

"அப்ப கணவாய்ல செத்தவங்க?"

"தெரியலப்பா. அந்தப் பக்கமும் அவர் எழுதினதுதான்."

நாரை முறுக்கி இறுக்கினார். "இதை யார்கிட்டயும் சொல்லாதே."

"காடு நமக்கே நிக்கும்ப்பா!"

"கொம்பைப் புடி."

மே 19

விவசாயக் கல்லூரியில் விதைகளைப் பற்றிப் படிப்பிக்கும் அம்மாளிடம் போனில் கேட்டேன். "இதுல சந்தேகம் வேறயா? கொலம்பஸுக்கு முன்னாடி இங்க கொம்புல ஏறுற பீன்ஸ் கெடையாது. எழுதித் தரட்டுமா?" என்றார். எழுதித் தந்தார்.

மே 24

எழுத்துத் திருநாள், எங்கள் எழுத்தைத் தந்த புனிதர்களைக் கொண்டாடும் நாள். ஊருக்குப் போகாமல் இருந்திருக்கலாம். போனேன்.

பிள்ளைகள் பூமாலையும் படங்களும் தூக்கிக்கொண்டு சதுக்கத்தைச் சுற்றினார்கள். ஒரு சிறுமி முன்பல் இரண்டும் இல்லாமல் கணவாய்ப் பக்கத்தை ஒப்பித்தாள். "பெண்களே குழி தோண்டினார்கள்" என்ற இடத்தில் மூச்சு வாங்கினாள். ஊர்த் தலைவி தொன்கா அக்கா வழக்கம்போல அழுதார். சுரங்கம் மூடி வேலை போனவர்கள், பிள்ளைகளை ஸ்பெயினுக்குப் பழம் பறிக்க அனுப்பியவர்கள், எல்லாரும் நெஞ்சை நிமிர்த்தி நின்றார்கள். வருடத்தில் இந்த ஒரு நாள்தான் நிமிர்கிறார்கள்.

என் பையில் விவசாயக் கல்லூரி அம்மாளின் கடிதம். திருட்டுப் பொருளை வைத்திருப்பவள் போல் நின்றேன்.

வெனியமின்மீது எனக்குக் கோபமே இல்லை. ஒன்றுமில்லாத ஜனங்களுக்கு ஒரு தாத்தனைச் செய்து கொடுத்தார், அதற்காகவே செத்தார். காட்டைப் பற்றி அவர் நினைத்தாரோ என்னவோ. அந்தப் பொய்யை எடுத்து அதே ஜனங்களின் அடுப்பை அணைக்கிறான்களே, இவன்கள்மேல்தான் கோபம்.

ஜூன் 2

அறிக்கையை க்ராஷேவிடம் கொடுத்தேன். படித்து முடித்ததும் கண்ணாடியைத் துடைத்தார், போட்டுக்கொண்டார், மறுபடி துடைத்தார்.

"பீன்ஸா?"

"பீன்ஸ்தான் சார்."

"ஒரு கிண்ணம் பீன்ஸுக்காக ஒரு ஜனத்தோட சரித்திரத்தைக் கவுக்கப் போறியா?"

"நான் கவுக்கல சார். அது நின்னதே இல்ல."

"சின்னப் பொண்ணு நீ." கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்தார். "என் புஸ்தகத்துல முதல் அத்தியாயமே நிகிஃபோர்தான். இருபது வருஷ வேலை. தெரியுமா உனக்கு?"

தெரியும். நான் படித்த முதல் சரித்திரப் புத்தகம் அது.

என் அறிக்கை அவர் மேஜை இழுப்பறைக்குள் போனது. "தோலின் காலம் பொருந்துகிறது" என்று ஒரே பத்தியில் அவரே ஒன்று எழுதி நீதிமன்றத்துக்கு அனுப்பிவிட்டார். பொய் ஒன்றும் இல்லை அதில். எவ்வளவு சுத்தமான அயோக்கியத்தனம்.

பரவாயில்லை. என் நகலை ஊருக்குக் கொடுப்பேன். வழக்கில் எதிர்த்தரப்பே ஊர்தானே. அவர்கள் வக்கீல் எழுந்து "ஏடு போலி" என்று சொன்னால் போதும், நான் சாட்சிக்கூண்டில் ஏறலாம். அவர்கள் சொல்லாமல் என்னை யாரும் கூப்பிட முடியாது.

ஜூன் 11

ஊர் வாசகசாலையில் கூட்டம். தொன்கா அக்கா என்னைப் பேசச் சொன்னார். பேசினேன். கொம்பு, கொடி, கப்பல், எல்லாம். யாராவது சிரிப்பார்கள் என்று நினைத்தேன். ஒருவரும் சிரிக்கவில்லை.

கொல்லர் மிஹோ மாமாதான் ஆரம்பித்தார். "அப்ப வெனியமின் சாமி பொய்யன். அதானே சொல்ல வர்றே?"

"அவர் நல்லதுக்குத்தான் —"

"பொய்யனா, இல்லியா? நேராச் சொல்லு புள்ள."

"ஏடு பொய் மாமா."

"டவுன்ல உனக்கு எவ்ளோ குடுத்தாங்க?" பின்வரிசையிலிருந்து ஒரு குரல்.

"யோவ், குடுக்கிறவன் மடத்துக்காரன்யா! நான் சும்மா கையெழுத்துப் போட்டிருந்தா எனக்குப் பதவி உயர்வு! உங்க காட்டுக்குத்தான்யா கத்திக்கிட்டிருக்கேன்!" கத்தியேவிட்டேன்.

தொன்கா அக்கா எழுந்தார். அவர் கத்தவில்லை, அதுதான் என்னை உடைத்தது.

"இஸ்க்ரா, உக்காரு. மடத்துக்காரங்க திருடங்கதான், எங்களுக்கும் தெரியும். காடு போனா விறகை விலைக்கு வாங்குவோம், இல்ல குளிர்ல கெடப்போம். ஆனா நாங்க நாங்களா இருப்போம். கணவாய்ல நின்னவங்க பேரப்புள்ளைங்க. நீ அதையும் எடுத்துட்டா நாங்க யாருடி? வெறும் விறகுவெட்டிங்க. நான் எந்திரிச்சுக் கோர்ட்டுல, நாங்க யாரும் இல்லீங்கய்யான்னு சொல்லணுமா?"

"ஆமாக்கா. சொல்லணும். விறகுவெட்டின்னா என்ன குறைச்சல்?"

இதை யோசித்துச் சொல்லவில்லை. வாயில் வந்தது. இப்போதும் அதுதான் என் பதில்.

கை தூக்கச் சொன்னார்கள். 'ஏட்டைக் குறை சொல்லக் கூடாது, காட்டோரத்தில் இருக்கும் ஊரின் பழைய எல்லைக் கல்லை மட்டும் வைத்து வாதாடலாம்.' எல்லாக் கைகளும் உயர்ந்தன. அப்பா கடைசி வரிசையில். நான் திரும்பிப் பார்த்தேன். பார்த்திருக்கக் கூடாது.

ஜூன் 12

இரவோடு இரவாக எங்கள் வாசல் கதவில் 'துருக்கிக்காரி' என்று தாரால் எழுதியிருக்கிறார்கள். அப்பா காலையிலிருந்து மண்ணெண்ணெய் போட்டுத் தேய்த்துக்கொண்டிருந்தார்.

"நீங்களும் கை தூக்கினீங்க."

"ஆமா."

"தோட்டத்துல சிரிச்சீங்களேப்பா. உங்களுக்குத் தெரியும்."

"நீ பஸ் ஏறிப் போயிருவே. நான் இங்கதான் ரொட்டி வாங்கணும், இங்கதான் பொணம் தூக்கணும்." துணியைப் பிழிந்தார். "சாப்டுட்டுப் போ."

சாப்பிடாமல் வந்துவிட்டேன்.

ஜூலை 1

என் வேலை ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கவில்லை. க்ராஷேவ் கைகுலுக்கும்போது கண்ணைப் பார்க்கவில்லை.

செப்டம்பர் 21

தீர்ப்பு. பார்வையாளர் பெஞ்சில் இருந்தேன். நீதிபதி, கறாரான பெண், தானாகவே கேட்டார்: "ஆவணத்தோட உண்மைத்தன்மையை ஊர்த் தரப்பு மறுக்குதா?" பேனாவைத் தூக்கிப் பிடித்துக் காத்திருந்தார். அவருக்கே ஏதோ உறுத்தியிருக்க வேண்டும். வக்கீல் தொன்கா அக்காவைத் திரும்பிப் பார்த்தார். தொன்கா அக்கா எழுந்து நின்று சொன்னார்:

"இல்லீங்கம்மா. அது எங்க ஏடு."

எல்லைக் கல் வாதம் ஐந்து நிமிடம் நிற்கவில்லை. காடு மடத்துக்கு. வெளியே வந்ததும் கவ்ரில் தொன்கா அக்காவின் நெற்றியில் சிலுவை வரைந்து ஆசீர்வதித்தார். "நம்ம முன்னோர்களைக் காப்பாத்தினே மகளே." தொன்கா அக்கா குனிந்து சாமியின் கையை முத்தமிட்டார். நான் படிக்கட்டில் இறங்கிப் போய்விட்டேன்.

அக்டோபர் 23

மேல்காட்டில் வெட்டு தொடங்கியது. மடம் மரக் கம்பெனிக்குக் குத்தகைக்கு விட்டுவிட்டது. கம்பெனி வெளியாட்களைக் கொண்டுவரவில்லை. எதற்கு? காட்டைத் தெரிந்தவர்கள் ஊரிலேயே சும்மா இருக்கிறார்களே, நாள் கூலிக்கு.

ஓடையைத் தாண்டி ஏறினேன். கம்பெனியின் ஆரஞ்சுச் சட்டையில் அப்பாவை முதலில் அடையாளம் தெரியவில்லை. ஒரு பெரிய ஓக் மரத்தடியில் மெஷின் ரம்பத்தோடு குனிந்திருந்தார். காதுமூடி போட்டிருந்தார். என்னைப் பார்த்ததும் கையை வீசி ஒதுங்கச் சொன்னார், மரம் சாயும் பக்கம் நின்றிருந்தேன். ஒதுங்கினேன். மரம் விழுந்தது. தரை காலுக்கடியில் ஒருமுறை தூக்கிப் போட்டது.

ரம்பத்தை அணைத்தார். அந்த அமைதியில் பக்கத்தில் போனேன். அவர் காதுமூடியை நானே கழற்றினேன்.

"அப்பா, காட்டைக் கேக்கல. கோர்ட்டுக்கு வரச் சொல்லல. ஊர்ல யார்கிட்டயும் சொல்ல வேணாம். இங்க யாரும் இல்ல. என் மூஞ்சியப் பாத்து ஒரே ஒரு தடவ சொல்லுங்க, அந்த ஏடு பொய்யின்னு. எனக்கு மட்டும். சொல்லுங்கப்பா."

என் கையிலிருந்து காதுமூடியை வாங்கி மாட்டிக்கொண்டார். அடுத்த மரத்தில் வெட்டச் சொல்லும் சிவப்புக் குறி எந்தப் பக்கம் இருக்கிறது என்று சுற்றி வந்து பார்த்தார்.