மல்லிகாவின் முகூர்த்தப் புடவை

ஜூன் 2, செவ்வாய்

வெயில் குறைந்தபாடில்லை. காலை டூட்டி. வார்டில் பாதி மின்விசிறி ஓடவில்லை. சாயங்காலம் கூட வேலை செய்யும் நர்ஸ் மெர்சியை இழுத்துக்கொண்டு புடவைக் கடை. பதினைந்தாம் தேதி ரிஜிஸ்தர் ஆபீசுக்குக் கட்ட ஒன்று வேண்டுமே.

கடைக்காரன் மெர்சியிடம், "பொண்ணுக்கு இன்னா கலர் பிடிக்கும்மா?"

"பொண்ணு இவங்கதான்."

என்னைப் பார்த்தான். விரித்துப் போட்டிருந்த சிவப்பு, ஆரஞ்சு எல்லாவற்றையும் மடித்து ஓரமாக வைத்தான். சாம்பல் நிறத்தில் ஒன்றை எடுத்துப் போட்டான். முப்பத்தொன்பது வயதுக்குச் சாம்பல்தான் போலிருக்கிறது. அவன் மூஞ்சி.

இங்க் நீலத்தில் ஒரு பட்டு எடுத்தேன். சின்னக் கரை. "கல்யாணத்துக்கு நீலமா சிஸ்டர்?" என்றாள் மெர்சி. எனக்குப் பிடித்திருக்கிறது. வேறு காரணம் வேண்டுமா?

ஜாக்கெட் தைக்கக் கொடுத்தாயிற்று. உள்பாவாடை, ஹூக், தலைவலி மாத்திரை இன்னும் வாங்கவில்லை.

ஜூன் 4, வியாழன்

கணியம்பாடியிலிருந்து அண்ணன். கல்யாணத்துக்கு வரமாட்டேன் என்று சொல்வதற்காகவே பஸ் ஏறி வந்திருக்கிறான்.

"வெள்ளையா கட்டப் போற?"

"இல்ல."

"நல்லது. கோயில்ல நடக்காத கல்யாணத்துக்கு வெள்ளை எதுக்கு."

பிறகு ஆரம்பித்தான். சண்முகம் இந்து, அதிலும் பெண்டாட்டியைப் பறிகொடுத்தவன், அதிலும் வயதுக்கு வந்த பெண் இருக்கிற வீடு. "பாஸ்டர் மூஞ்சில நான் எப்படி முழிக்கிறது?" மாப்பிள்ளை பார்க்கிறேன், பார்க்கிறேன் என்று இத்தனை வருஷம் என் சம்பளத்தில் சாப்பிட்டுவிட்டு என் மூஞ்சியில் முழிக்க முடிந்ததே. கேட்கவில்லை. இங்கே எழுதிக்கொள்கிறேன்.

காபி இரண்டாவது டம்ளரும் கேட்டு வாங்கிக் குடித்தான்.

ஜூன் 7, ஞாயிறு

புழுக்கம். கோயிலுக்குப் போகவில்லை. போயிருந்தால் தப்பித்திருப்பேன்.

சண்முகத்தின் அக்காள் வசந்தா வந்தாள், ஜோலார்பேட்டையிலிருந்து. கையில் துணிப்பை. குவார்ட்டர்ஸில் என் கட்டில்மேல் உட்கார்ந்து, பையிலிருந்து ஒரு புடவையை எடுத்தாள். அரக்குச் சிவப்பு. கை அகலத்துக்கு ஜரிகை. பூச்சி உருண்டை வாசனை குப்பென்று வந்தது.

"மல்லிகா முகூர்த்தப் புடவை. பூவும் பொட்டுமா போனவ. இத கட்டிக்கினா உனக்கும் நல்லது, அவ மனசும் குளிரும்."

மல்லிகா சண்முகத்தின் முதல் மனைவி. இறந்து நாலு வருஷம்.

"நான் புதுசு எடுத்துட்டேன் அண்ணி," என்று நீலத்தைக் காட்டினேன். இரண்டு விரலால் தொட்டுப் பார்த்தாள்.

"ரெண்டாந்தாரமா வர்றவளுக்கு எதுக்கும்மா புதுசு? ரிஜிஸ்தர் ஆபீசு பெஞ்சில உக்காரத்தானே."

நான் நீலத்தை மடிப்பதற்குள் எழுந்துவிட்டாள். வாசலில் நின்று என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "உடம்பு கொஞ்சம் ஜாஸ்தி உனக்கு. கொசுவம் கம்மியாத்தான் வரும். பாத்து கட்டு."

புடவை கட்டில்மேலேயே கிடக்கிறது. நான் நாற்காலியில் உட்கார்ந்து எழுதுகிறேன்.

ஜூன் 8, திங்கள்

வார்டு போனில் சண்முகம். ஆம்பூரில் ஷூ கம்பெனி ஆபீசிலிருந்து பேசினார். பின்னால் மிஷின் சத்தம்.

"ஒரு மணி நேரந்தானே எஸ்தர். கட்டிக்கோயேன். அக்கா மனசு..."

"உங்களுக்கு எப்படி இருக்கும், அதுல என்னைப் பாத்தா?"

"சாரி," என்றார்.

இதுதான் இவர். கம்பெனியில் கை நசுங்கி எங்கள் வார்டில் கிடந்தபோது, நான் கட்டுப் பிரிக்கும்போது வலி தாங்காமல் கத்திவிட்டு, கத்தியதற்காக என்னிடமே சாரி சொல்வார். என்ன தங்கமான மனுஷன் என்று நினைத்தேன். எல்லோரிடமும் எப்போதும் சாரி சொல்கிறவர் என்று இப்போதுதான் உறைக்கிறது. அக்காளிடம் என் சார்பில் எத்தனை தரம் சொல்லியிருக்கிறாரோ.

கல்யாணத்தை நிறுத்திவிடலாமா? மெர்சியைக் கேட்டேன். "நிறுத்தினா உங்கண்ணன் கேக் வெட்டுவாரு," என்றாள். அதற்காகவே நிறுத்தமாட்டேன்.

ஜூன் 10, புதன்

மதியம் காற்று, தூசி. மழை இல்லை. வார்டு வாசலில் ஒரு பெண் நிற்கிறாள் என்றார்கள். நித்யா. சண்முகத்தின் மகள். பிளஸ் டூ. பள்ளிக்கூடத்துக்கு மட்டம் போட்டுவிட்டு ஆம்பூரிலிருந்து தனியாக வந்திருக்கிறாள். யூனிபார்ம் தாவணி, வேர்வை.

"எங்கம்மா பொடவ உங்ககிட்ட இருக்குதாமே."

"இருக்கு."

"நீங்க அத கட்டக் கூடாது சிஸ்டர்."

"கட்டப் போறதில்ல."

பெரிய சண்டைக்குத் தயாராக வந்தவள். தாவணி நுனியால் முகத்தைத் துடைத்தாள். "நீங்க ஒத்துக்கிட்டீங்கன்னு அத்தை சொன்னாங்க."

"உங்க அத்தை ஆயிரம் சொல்வாங்க."

"அப்பா ஒண்ணும் சொல்லலியா?"

"உங்கப்பா என்னைக்குச் சொல்லியிருக்காரு?"

இதில் மட்டும் நாங்கள் இருவரும் ஒரே கட்சி.

குவார்ட்டர்ஸுக்குக் கூட்டிப்போய்ப் பையைக் கொடுத்தேன். மடிப்பு மடிப்பாகப் பிரித்துப் பார்த்தாள். கறை இருக்கிறதா, கட்டிப் பார்த்தேனா என்று சோதனை. தண்ணீர் கொடுத்தேன். தொடவில்லை.

"எனக்கு உங்களப் பிடிக்கல," என்றாள், செருப்பை மாட்டிக்கொண்டே.

"தெரியுது. எனக்கும் உன்னை இன்னும் பிடிக்கல."

தலையாட்டினாள். பாக்கி தீர்ந்த மாதிரி போய்விட்டாள்.

ஜூன் 15, திங்கள்

இன்றைக்கே எழுதிவிடுகிறேன்.

காலையில் நீலப் பட்டு. மெர்சி தலையில் பூ வைத்தாள், நிறைய. பாதியை எடுத்துப் போட்டேன். ரிஜிஸ்தர் ஆபீஸ் நடையில் சண்முகம், அவர் கம்பெனி நண்பர்கள் இரண்டு பேர், வசந்தா, அவள் புருஷன். வசந்தா என் புடவையைப் பார்த்தாள். வாயைத் திறப்பதற்குள் உள்ளே கூப்பிட்டார்கள்.

சண்முகம் பேனாவைக் கையில் எடுத்தபோது நித்யா வந்தாள். மல்லிகாவின் புடவையில். கொசுவம் கோணல், முந்தானை தரையில் இழுபட்டது, மேலே பள்ளிக்கூடத்து வெள்ளை ஜாக்கெட். நேராக வந்து அப்பா பக்கத்தில் நின்றாள்.

சண்முகம், "மல்லிகா," என்றார்.

சத்தமாகச் சொல்லவில்லை. எனக்குக் கேட்டது. என் கல்யாணத்தில், கையெழுத்துப் போடும் நேரத்தில்.

குமாஸ்தா சிவப்புப் பட்டைப் பார்த்துவிட்டு, "பொண்ணுக்கு வயசு ஆச்சா? சர்டிபிகேட் இருக்குதா?" என்றார். மெர்சி அவசரமாக என்னைக் கை காட்டினாள். அந்த நிமிஷம் அங்கே இருந்த அத்தனை பேரையும் எனக்குப் பிடிக்கவில்லை. மேஜை நாற்காலியைக்கூட.

வசந்தா பாய்ந்து வந்து நித்யாவின் கையைப் பிடித்தாள். "வெளிய வாடி. நாலு பேர் முன்னால மானத்த வாங்க வந்தியா? அவுத்துட்டு வேற கட்டிக்கினு வா."

"மாட்டேன்."

இழுத்தாள். தோளிலிருந்து முந்தானை நழுவியது. சண்முகம் பேனாவையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"கைய எடுங்க," என்றேன்.

"நீ சும்மா இரு. இது எங்க வீட்டு விஷயம்."

"கைய எடுத்தாதான் நான் கையெழுத்து போடுவேன்."

சண்முகம் முதல் தடவையாக நிமிர்ந்தார். "அக்கா. விடு." அவ்வளவுதான். ஆனால் சாரி சொல்லவில்லை.

விட்டாள். நித்யாவின் மேல் பாசம் பொங்கி நான் இதைச் செய்யவில்லை. அவள்மேலும் எனக்குக் கொதித்தது. ஆனால் அவள் கையில் விரல் பதிந்து சிவந்திருந்தது. அதைப் பார்த்துக்கொண்டு உட்கார முடியவில்லை. எழுந்து போய் அவள் முந்தானையை எடுத்துத் தோளில் பின் குத்தினேன். அசையாமல் நின்றாள், ஊசி போட்டுக்கொள்கிற மாதிரி.

பிறகு கையெழுத்து. அவர், நான், சாட்சிகள். ஓட்டலில் சாப்பாடு.

ஜூன் 16, செவ்வாய்

ஆம்பூர் வீடு. விடிந்ததும் காற்றில் தோல் பதனிடுகிற ஷாப்பு வாடை. பழகுமாம். வசந்தா கிளம்பவில்லை. பாத்திரங்களை டமால் டமால் என்று வைக்கிறாள்.

கூடத்தில் சுவரில் ஒரு வெறும் ஆணி, அதன் கீழே சட்டம் அளவுக்கு வெளுத்த இடம். மல்லிகாவின் போட்டோ. நேற்றே வசந்தா கழற்றிப் பீரோவுக்குப் பின்னால் வைத்துவிட்டாளாம். "உனக்காகத்தான்," என்றாள்.

"என்னைக் கேக்காம எனக்காக எதுவும் செய்யாதீங்க," என்றேன். டமால்.

நித்யா எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள் போலும். போட்டோவை எடுத்து வந்து பாவாடையில் துடைத்தாள். நாற்காலியைச் சுவர் ஓரம் இழுத்துப் போட்டு ஏறினாள்.

"பிடிங்க. ஆடுது."

பிடித்துக்கொண்டேன். மாட்டினாள்.

"இடது பக்கம் சாஞ்சிருக்கு," என்றேன்.

"தெரியும்," என்றாள். சரி செய்தாள்.