நாற்பதிலிருந்து எண்பது வரை

ஜனவரி 29, வியாழன்

காலையில் நல்ல பனி. எட்டரை வரை எதிர்வீட்டு மாடி தெரியவில்லை. ஆபீஸுக்கு லீவு.

வண்டி எடுத்தாயிற்று. சாம்பல் நிறம். இவர் சிவப்பு கேட்டார். சிவப்புக்கு இரண்டு மாதம் ஆகுமாம். இவரால் இரண்டு நாள் பொறுக்க முடியாது.

நாளைக்கு வேண்டியவை: எலுமிச்சை 4, பூசணி 1, கற்பூரம், செவ்வந்திச் சரம் இரண்டு முழம், சூடத் தட்டு (எங்கே வைத்தேன்?).

இங்கே மட்டும் எழுதி வைக்கிறேன். ஷோரூமில் இவர் பக்கத்து டர்போ வண்டியின் கதவைத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தபோது, விற்கிற பையனைத் தனியே கூப்பிட்டுக் கேட்டேன், எந்த வண்டிக்கு வேகம் கம்மி என்று. அவன் விழித்தான். "மேடம், எல்லாரும் அதிகம் எதுன்னுதான் கேப்பாங்க" என்றான். அப்புறம் மெதுவாக, "பெட்ரோலும் கரண்டும் சேந்து ஓடுற ஹைப்ரிட்ல டாப் ஸ்பீடு கம்மிதான் மேடம். ஆனா மைலேஜ் அள்ளும்" என்றான். மைலேஜ் என்ற சொல் போதும். இவரிடம் மைலேஜ் மைலேஜ் என்று ஒரு வாரம் ஓதினேன். வாங்கிவிட்டோம்.

காரணம் எழுதத் தேவையில்லை. இருந்தாலும் எழுதுகிறேன். பதின்மூன்று மாதம் முன்னால், தவளக்குப்பத்துக்கு முன்பே, கரும்பு டிராக்டரைத் தாண்டப் போனார். எதிரே பஸ். திருப்பி உள்ளே இழுத்ததில் டிராக்டரின் பின்னால் போய் மோதி, கரும்பு கண்ணாடியைக் குத்திக்கொண்டு உள்ளே வந்தது. இவருக்கு நெற்றியில் ஒரு கீறல். பக்கத்து சீட்டில் யாழினி. காறை எலும்பு முறிந்தது. அன்றிலிருந்து என் பெண், அப்பா ஓட்டுகிற எதிலும் ஏறுவதில்லை. பைக்கிலும் இல்லை. கல்யாணம், காதுகுத்து எல்லாவற்றுக்கும் கொழுந்தனார் காரை வாங்கி இவர் ஓட்ட நாங்கள் அதில், அவள் பஸ்ஸில்.

இவர் சண்டையும் போடவில்லை, ஸாரியும் சொல்லவில்லை. யார் கேட்டாலும் ஒரே பதில்தான். "பழைய வண்டில பிக்கப் இல்லீங்க. இன்னும் கொஞ்சம் பிக்கப் இருந்தா தாண்டியிருப்பன்." ஒவ்வொரு முறையும் யா. எழுந்து உள்ளே போய்விடுவாள்.

ஜனவரி 30, வெள்ளி

வில்லியனூர் கோயில் வாசலில் பூஜை. மானம் போயிற்று.

யா. தனியாக பஸ்ஸில் வந்து, எங்களுக்கு முன்னாலேயே நின்றாள். பூஜை முடிந்து திரும்பும்போது ஏறிவிடுவாள் என்று ஒரு நப்பாசை எனக்கு. புது வண்டி, சந்தனம் குங்குமம், மாலை. மனசு மாறாதா?

குருக்கள் நாலு சக்கரத்திலும் எலுமிச்சை வைத்து, "வண்டிய எடுங்கோ" என்றார். இவர் பட்டனை அழுத்தினார். சத்தமே இல்லை. ஷோரூம் பையன் அன்றே சொன்னான், இது கரண்டில்தான் கிளம்பும், சத்தம் வராது, விளக்கு மட்டும் எரியும் என்று. அப்போது இவர் கவனம் எல்லாம் ஹார்ன் மேல்.

"இன்னாடா இது, ஸ்டார்ட் ஆவல?"

கூட்டத்தில் யாரோ, "கியர் போட்டு ஆக்சிலேட்டர் குடுத்துப் பாருங்க சார்" என்று யோசனை சொன்னார்கள். கொடுத்தார். கியரில் இருந்த வண்டி மூச்சு விடாமல் ஒரு குதி குதித்தது. எலுமிச்சை நசுங்கியது சரி. பூக்கடை பெஞ்சும் சாய்ந்தது. செவ்வந்திக் கூடை நடுத்தெருவில்.

பூக்கார அம்மா இடுப்பில் கை வைத்துக்கொண்டு கேட்டாள்: "இன்னா சார், சத்தம் போடாம வந்து மேல ஏறுற? திருடனா நீ?"

ஊரே சிரித்தது. இவரும் சிரித்தார். எனக்கும் வந்துவிட்டது. யா. மட்டும் சிரிக்கவில்லை. குனிந்து எல்லாப் பூவையும் பொறுக்கிக் கூடையில் போட்டாள். "நான் பஸ்லயே வந்துடறம்மா" என்று போய்விட்டாள்.

பம்பரில் நீளமாக ஒரு கோடு. பூவுக்குக் காசு கொடுத்தோம், வாங்க மாட்டேன் என்றாள், பிறகு வாங்கிக்கொண்டாள்.

பிப்ரவரி 1, ஞாயிறு

பனி. வெயில் ஏறியதும் தலைக்குக் குளித்தேன். தும்மல்.

இவருக்குப் புது விளையாட்டு. வண்டி கரண்டில் ஓடினால் திரையில் பச்சை விளக்கு எரிகிறது. காலைக் கொஞ்சம் அழுத்தினால் இன்ஜின் எழுந்துவிடும், பச்சை போய்விடும். பூரணாங்குப்பம் சகலை வீடு வரை இன்ஜினை எழுப்பாமல் போய்க் காட்டுகிறேன் என்று பந்தயம். கிராமத்து ரோடு, வேகம் முப்பது. சைக்கிளில் ஒரு தாத்தா எங்களைத் தாண்டிப் போனார். பாதி வழியில் பாட்டரி தீர்ந்து இன்ஜின் தானே முழித்துக்கொண்டது. தொட்டில் பிள்ளை முழித்த மாதிரி இவர் "ச்சூ ச்சூ" என்றார்.

சிரித்தேன். இந்த ஆளிடம் எனக்குக் கோபம் நிற்காததுதான் பிரச்சினையே.

யா.வுக்கு 12ஆம் தேதி பிராக்டிகல், புதுச்சேரியில், 9.30.

பிப்ரவரி 4, புதன்

ஆபீஸில் நெட் இல்லை. பிறப்புச் சான்றிதழுக்கு வந்தவர்களை நாளைக்கு வரச் சொன்னேன், திட்டு வாங்கினேன். கேஸ் புக் பண்ணணும். எங்கள் கரும்பு வெட்ட ஆள் வந்துவிட்டார்கள், பன்னிரண்டு பேர், அவர்களுக்கு டீத்தூள்.

டீக்கடையில் இவர் வண்டி இருநூறு போகும் என்று சொல்லி வைத்திருக்கிறார். கணக்கு இப்படி: இன்ஜினுக்கு இத்தனை குதிரை, மோட்டாருக்கு இத்தனை குதிரை, இரண்டையும் கூட்டு. புத்தகத்தைப் பார்த்து என் எதிரிலேயே கூட்டினார். எட்டாம் வகுப்புக் கூட்டல் சரிதான்.

சாயங்காலம் ஷோரூம் பையன் போனில், வண்டி எப்படி இருக்கிறது என்று கேட்க. இவர் ஸ்பீக்கரில் போட்டார்.

"சார், ரெண்டையும் அப்பிடியே கூட்டக் கூடாது. ரெண்டும் ஒரே நேரத்துல முழுசா இழுக்காது. அதுலயும் பாட்டரி குறைஞ்சா இன்னும் கம்மியாத்தான் இழுக்கும்."

"அப்ப எவ்ளோதாம்பா போவும்?"

"நூத்தி அறுபது சொச்சம் சார். அதுக்கு மேல அதுவே வுடாது."

போனை வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். "ஒனக்குத் தெரியுமாடி இது?"

"நான் மைலேஜதான பாத்தேன்" என்றேன். ரசம் கொதித்தது, எழுந்து போக வசதியாக இருந்தது.

பிப்ரவரி 8, ஞாயிறு

கையெழுத்து கோணலாக இருக்கிறது. இருக்கட்டும்.

கா. 6.45க்கு கடலூர் கிளம்பினோம், மோட்டார் பம்புக்கு ஏதோ சாமான். திரும்பும்போது புது நாலு வழி ரோட்டில் ஏறினார். பனி முழுக்க விலகிவிட்டது. முன்னாலும் பின்னாலும் வண்டி இல்லை.

"ஒரே ஒரு தபா வளரு. அது எங்க நிக்குதுன்னு பாத்துர்றன்."

வேண்டாம் என்றேன். திட்டினேன். இறக்கி விடச் சொன்னேன். கேட்கிற ஆளா? எண்பதில் ஒரு பீப். நூறு தாண்டியபோது எனக்குப் பிடித்திருந்தது, இங்கே எழுதுவதால் சொல்கிறேன். நூற்றிருபதுக்கு மேல் பீப் பீப் என்று நிற்காமல் கத்தல். நூற்று நாற்பது. இன்ஜின் ஒரே சுருதியில் அலறுகிறது, மிக்ஸியில் காய்ந்த மஞ்சள் போட்ட மாதிரி. ஆனால் முள் ஏற மறுக்கிறது. நூற்று நாற்பத்தெட்டு. ஐம்பது. ஐம்பத்தொன்றுக்கு எவ்வளவோ நேரம். நான் முருகா முருகா என்றுகொண்டிருந்தேன்.

காலை அவராகவே எடுத்தார். "அவ்ளோதான்" என்றார்.

அதோடு விட்டிருந்தால் சாதாரண ஞாயிறு. கொஞ்ச தூரம் மெதுவாகப் போய், "இன்னொண்ணு பாக்கணும். நான் சொன்னதும் எண்ணு" என்றார். நாற்பதில் வைத்துக்கொண்டு, "இப்ப" என்று முழுசாக அழுத்தினார். ஒன்று, இரண்டு என்று எண்ணினேன். எண்பது வரும்போது ஆறு. மறுபடி ஒருமுறை. ஆறு. மூன்றாவது முறை பாட்டரி இரண்டு கோடுதான் இருந்தது. ஏழு.

ஓரம் கட்டினார். ஸ்டியரிங்கை விடவில்லை.

"பழசுல எட்டு வரும்."

"சரி, அதுக்கு?"

"அன்னிக்கு நாலு எண்றதுக்குள்ள பஸ்சு வந்துட்டான்."

எனக்குப் புரியக் கொஞ்ச நேரம் ஆயிற்று. இந்த வண்டியாக இருந்தாலும் தாண்டியிருக்க முடியாது. பிக்கப் பிக்கப் என்று பதின்மூன்று மாதம் சொன்னது அத்தனையும் பொய்.

பிறகு இன்னொன்றும் சொன்னார், ரோட்டைப் பார்த்துக்கொண்டே. "பஸ்ஸ பாக்காம எடுக்கல வளரு. பாத்துட்டுதான் எடுத்தன். போயிடலாம்னு நெனச்சன்."

அறையலாம் போல இருந்தது. என் பெண் மூன்று மாதம் தலை சீவ என் கையை எதிர்பார்த்துக்கொண்டிருந்தாள். அழுதேன். அவரும் அழுதார், சத்தம் இல்லாமல், வண்டி மாதிரியே. லாரி ஒன்று ஹார்ன் அடித்துப் போனது.

நானும் சொல்லிவிட்டேன், வேகம் கம்மி என்பதற்காகத்தான் இதை எடுக்க வைத்தேன் என்று. மூக்கைத் துடைத்துக்கொண்டு சிரித்தார். "கட்டிக்கினவன் லட்சணம் தெரிஞ்சிதான் வாங்கிகிற."

வீட்டுக்குத் திரும்பும்போது, "பாப்பாகிட்ட நீ சொல்லிடேன்" என்றார்.

"மாட்டேன். நீங்கதான் ஓட்டினீங்க. நீங்களே சொல்லுங்க."

பம்பு சாமானை கடலூர்க் கடையிலேயே விட்டுவிட்டு வந்திருக்கிறோம்.

பிப்ரவரி 10, செவ்வாய்

பனி கம்மி. முருங்கை பூ வைத்திருக்கிறது.

இவர் சொல்லவில்லை. நேற்று யா.வின் அறை வாசலில் போய் நின்று, "பேனா இருக்கா பாப்பா?" என்று கேட்டு வாங்கி வந்தார். இன்று காலை அதைத் திருப்பிக் கொடுக்கப் போனார். கொடுத்தார். வந்துவிட்டார். மத்தியானம் அவளுக்குப் பிடித்த தேங்காய் பன் நாலு. அவள் இரண்டு தின்றாள், படிக்கப் போய்விட்டாள்.

ராத்திரி எட்டு மணிக்கு, "இன்னா எழுதற தெனமும்?" என்று எட்டிப் பார்த்தார். பால் கணக்கு என்றேன்.

பிப்ரவரி 12, வியாழன்

பனி என்றால் பனி. எனக்கும் புதுச்சேரியில் மீட்டிங், பத்து மணிக்கு. இவர் கொண்டு விடுவதாக ஏற்பாடு.

கா. 8.30. கிருமாம்பாக்கம் ஸ்டாப்பில் யா. நின்றுகொண்டிருந்தாள். வெள்ளைக் கோட்டு கையில். பனியால் பஸ் எல்லாம் லேட். வந்த ஒன்றும் படியில் ஆள் தொங்க, நிற்காமல் போனது. இவர் அவளுக்கு எதிரே நிறுத்தவில்லை, கொஞ்சம் தள்ளி நிறுத்தினார். கூப்பிடவும் இல்லை. நான் கண்ணாடியை மட்டும் இறக்கினேன்.

அடுத்த பஸ் வருகிறதா என்று பார்த்தாள். கடிகாரம் பார்த்தாள். எங்களைப் பார்த்தாள். வந்து பின்கதவைத் திறந்து ஏறி, என் சீட்டுக்குப் பின்னால் உட்கார்ந்து பெல்ட் போட்டாள். போட்டுவிட்டு அதை இரண்டு முறை இழுத்துப் பார்த்தாள்.

இவர் நாற்பதைத் தாண்டவில்லை. பனி மெல்ல விலகி வெயில் வந்தது. தவளக்குப்பத்துக்கு முன்னால், சாமி சத்தியமாக அதே இடத்துக்குக் கொஞ்சம் முன்னால், ஒரு கரும்பு டிராக்டர். பின்னால் சிவப்புத் துணி கட்டியிருந்தார்கள். இவர் அதன் பின்னால் தள்ளியே போனார். இருபது, பதினெட்டு. பின்னால் வந்தவன் எல்லாம் ஹார்ன் அடித்துத் தாண்டிப் போகிறான். இவர் அசையவில்லை. இன்ஜின் தூங்கிவிட்டது. கரும்புத் தோகை ரோட்டில் உரசுவது உள்ளே கேட்டது.

அந்த அமைதியில்தான் சொன்னார். திரும்பிப் பார்க்காமல்.

"பாப்பா. அன்னிக்கு வண்டி மேல தப்பு இல்ல. பஸ்ஸ பாத்துட்டுதான் நான் தாண்டப் போனன்."

நான் மடியில் ஃபைலைப் பிடித்துக்கொண்டேன். ஒரு கடை போயிற்று, ஒரு பெட்ரோல் பங்க் போயிற்று.

"தெரியும்ப்பா" என்றாள். "நானும் பஸ்ஸ பாத்தன். நீ பாத்ததையும் பாத்தன்."

இத்தனை நாளும் தெரிந்திருக்கிறது. ஒவ்வொருவரிடமும் இவர் பிக்கப் என்று சொல்லச் சொல்ல, கேட்டுக்கொண்டு உள்ளே எழுந்து போயிருக்கிறாள்.

இவர் கண்ணைப் புறங்கையால் துடைத்தார். டிராக்டர் பின்னாலேயே ஊர்ந்தார். மணி 9.05. இப்படியே போனால் பிராக்டிகலுக்குப் போக முடியாது. எனக்குத் தெரியும், அவருக்கும் தெரியும். ஆனால் இவர் இன்று முழுக்க அந்தச் சிவப்புத் துணிக்குப் பின்னாலேயே போவார் போல இருந்தது.

பெல்ட் இழுபடும் சத்தம். யா. எங்கள் இரண்டு சீட்டுக்கும் நடுவே தலையை நீட்டி, ரோட்டின் அந்தக் கோடி வரை பார்த்தாள். நிதானமாக, நன்றாகப் பார்த்தாள்.

"எதிர்ல ஒண்ணும் இல்லப்பா. தாண்டு."

இன்டிகேட்டர் போட்டார். நான் எண்ணினேன்.