மேடத்துக்குக் கட்டின கச்சாயம்

அகமதாபாத்

அம்மாவுக்கு லோகப்பிரியா கும்பிட்டு எழுதறேனுங்க. கால்வலி தேவலைங்களா? நான் நல்லாருக்கேன்.

போன்ல சொன்னா குரல் காட்டிக் குடுத்துருமுங்க, அதான் கடுதாசி. நான் வரைஞ்ச ஏரிப் பூங்காவை நேத்து திறந்துட்டாங்க. முதன்முதலா பூங்கா வடிவமைச்ச பொம்பளைங்க பேரையெல்லாம் ஆம்பளைங்க எப்படி மறைச்சாங்கன்னு எங்க ஆபீஸ் மேடம் மேடையில கண்கலங்கப் பேசுனாங்க. அப்புறம், "இந்தப் பூங்கா முழுக்க என் கற்பனை"ன்னாங்க. சூலூர்க் குளத்தை நெனச்சு நான் போட்ட தாழ்வான படிக்கட்டு, ஆவாரஞ்செடி வரிசை, எல்லாமே அவங்களுதாமுங்க. முன்வரிசையில இருந்த நானும் கைதட்டிப்போட்டேனுங்க.

ஒண்ணுமில்லீங்கம்மா, வேலையில இதெல்லாம் இருக்கறதுதானுங்க. ஆனா, மேடத்துக்குன்னு தனியாக் கட்டி அனுப்புவீங்களே கச்சாயம், அது இனி வேண்டாங்க. எனக்கும் கொஞ்சமாவே சுடுங்க. மத்தியானத்துல என்கூட உக்காந்து தின்ன இங்க வேற ஆளில்லீங்க.

பஸ் வந்துருச்சுங்க.

லோகு