ஓடு என்று எழுதாத பலகை

சியுதாதெல்யா, ஜூன் 29

அன்புள்ள கொலோமா,

பெர்கன் மழையில் நீ சளி பிடிக்காமல் இருக்கிறாய் என்று நம்புகிறேன். இங்கே நானும் அம்மாவும் உடம்பளவில் நலம். டோஃபோல் மாமா இறந்துபோன செய்தியை மட்டும்தான் தொலைபேசியில் சொன்னேன். எப்படிப் போனார் என்று சொல்லவில்லை, அம்மா பக்கத்தில் இருந்தாள். இதற்கிடையில் உன் கடிதம் வந்தது, ஆய்வேட்டின் முதல் பக்கத்துக்கு, நம் துறைமுகக் கடல் திடீரென்று பொங்கி வடிவதைச் சொல்லும் 'ரிசாகா' என்ற சொல்லின் பொருளும் பிறப்பும் வேண்டும் என்று. இரண்டுக்கும் பதில் ஒன்றுதான். ஒரே தாளில் எழுதுகிறேன்.

அறிஞர்கள் இரண்டு கட்சி. 'வற்றிப்போதல்' என்பதிலிருந்து வந்தது என்கிறது ஒன்று, 'பின்னால் இழுத்தல்' என்கிறது மற்றது. இரண்டு கட்சிக்கும் பேச்சுவார்த்தை கிடையாது. ஆனால் இரண்டிலும் நீர் வரவில்லை, போகிறது. துறைமுகத்தையே கவிழ்க்கும் ஒன்றுக்குப் பெயர் வைத்தவர்கள் வரும் நீரை விட்டுவிட்டுப் போகும் நீரைப் பார்த்திருக்கிறார்கள்; பெயர் வைக்க உயிரோடு மிஞ்சியவர்களும் அவர்கள்தான். மூன்று வருஷத்துக்கு முன் துறைமுகக் குழு எச்சரிக்கைப் பலகை வைத்தபோது, ஓய்வுபெற்ற இயற்பியல் வாத்தியார் என்று வாசகத்தை என்னிடம் கேட்டார்கள். "வளிமண்டல அழுத்த மாறுதலால் குறுகிய துறைமுகங்களில் கடல்மட்டம் அடையும் ஊசலாட்டம்" என்று எழுதிக் கொடுத்தேன். அதில் ஒரு பிழையும் இல்லை. எதிர்க் கடையில் உட்கார்ந்து அதைப் படித்துக்கொண்டே தினமும் காப்பி குடித்தேன்.

பதினெட்டாம் தேதி காலை வானம் மஞ்சளாக இருந்தது. பதினொரு மணிக்கு நீர் சரசரவென்று இறங்கி, படகுகள் சேற்றில் சாய்ந்தன. அப்போது நம் ஊர்க்காரர்கள் என்ன செய்வார்கள் என்று உனக்குத் தெரியும், வருஷக்கணக்காகத் தண்ணீரில் தவறவிட்டதையெல்லாம் தேடி இறங்குவார்கள். ஒருமுறை ஒருவருக்குப் பல்செட்டே கிடைத்தது. மாமா தன் பழைய நங்கூரத்துக்காக இறங்கினார். மேலே வா என்று கத்தினேன். "மச்சான், இத நீதான் திருடுனேன்னு இருபத்தாறு வருஷமா ஊரெல்லாம் சொல்லிட்டுத் திரிஞ்சேன். இங்க பாரு, கெடக்கு! எடுத்துட்டு வந்து உன்கிட்ட மன்னிப்புக் கேக்குறேன், பொறு" என்றார். அப்புறம் சிரித்துக்கொண்டே, "ஒன் பலகைய முழுசாப் படிச்சாச்சு வாத்தியாரே, ஓடுன்னு அதுல எங்கயும் போடலையே" என்றார். பதில் சொல்ல எனக்கு ஐந்து நிமிடம் இருந்தது. நான் படியில் நின்று அழுத்தத்தைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தேன். நீர் திரும்பி வந்தபோது அவர் இரண்டு கையாலும் நங்கூரத்தைப் பிடித்திருந்தார்.

சான் ஜோவான் திருநாளுக்குக் குதிரைகள் வழக்கம்போல ஊர்வலமாகத் தெருவில் வந்தன. அம்மா சன்னலைச் சாத்திக்கொண்டாள். நேற்று நான் யாரையும் கேட்காமல் பலகையை அழித்துவிட்டு, "நீர் வற்றினால் ஓடு" என்று மட்டும் எழுதினேன். குழுச் செயலர் வந்து, "என்ன சார் இது, விளக்கமே இல்லையே" என்றார். சொல்லின் பொருளே அதுதான் என்றேன். உன் ஆய்வேட்டிலும் முதல் வரி அதுவாக இருக்கட்டும், சமன்பாடுகள் பிறகு வரட்டும்.

கடவுள் உன்னைக் கரையிலேயே வைத்துக் காக்கட்டும். ஞாயிறுதோறும் அம்மாவைக் கூப்பிட்டுப் பேசு. நங்கூரத்தைப் பற்றி மட்டும் கேட்காதே. அவரோடு சேர்த்து எடுத்துவந்தார்கள்; வாசலில் கிடக்கிறது, உள்ளே கொண்டுவரவும் விடமாட்டேன் என்கிறாள், வெளியே போடவும் விடமாட்டேன் என்கிறாள்.

மன்னிப்பு இன்னும் கேட்கப்படாத
உன் அப்பா
லொரென்ஸ்