பின்பக்கத்து இடது ஸ்பீக்கர்

என்னங்க,

சாப்பாடு மூடி வைத்திருக்கிறேன். ஸ்பீக்கர் சரிசெய்கிறவரை இன்று வர வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். கத்துவதற்கு முன் முழுசாகப் படியுங்கள்.

“நீ பெருக்கறேன்னு வயரை இழுத்துட்ட, பின்னாடி இடது ஸ்பீக்கர் போச்சு”ன்னு நேற்று குதித்தீர்களே. காலையில் நீங்கள் நடக்கப் போனதும், உங்கள் இடத்தில் உட்கார்ந்து நேற்று நீங்கள் கேட்ட அதே படத்தின் பின்னணி இசையைப் போட்டேன். ஒலியைத் துளியும் சுருக்காத பதிவு என்று பீற்றிக்கொள்வீர்களே, உண்மைதான். பின்னால் இடது பக்கம் வயலின்காரர் மூச்சு விடுவதுகூடக் கேட்டது.

ஸ்பீக்கருக்கு ஒன்றுமில்லை. போனையும் இப்போதெல்லாம் வலது காதில்தான் வைக்கிறீர்கள்.

சாயங்காலம் காது டாக்டரிடம் போகலாம். நானும் வருகிறேன், பயப்படாதீர்கள்.

பி.கு.: நாற்காலியைத் திருப்பிப் போட்டிருக்கிறேன். டிவிக்கு முதுகைக் காட்டி உட்காருங்கள், வயலின் வலது காதுக்கு வரும்.