மாதேசண்ணாவின் இடது கண்

தலையில் கூடையில்லாமல், பனிக்குள்ளிருந்து சிரித்துக்கொண்டே வரும் என் அண்ணாவுக்கு,

நேற்றும் வந்தாய். பட்டு ஆலையில் கொதிநீர்த் தொட்டியின் முன்னால் உட்கார்ந்து கூடுகளைக் கிளறிக்கொண்டிருந்தேன். நீராவி எழும்பி எதிர்வரிசைப் பெண்களின் முகங்களை ஒவ்வொன்றாக அழித்தது. அழிந்த இடத்தில் நீ நின்றாய். தோளில் ஈரச் சாக்கு, காதில் செருகிய பீடி, அந்த உடைந்த மூக்கு. வாயைத் திறந்து ஏதோ சொன்னாய், கேட்கவில்லை. மேஸ்திரி என் தோளைத் தட்டியபோது நூல் அறுந்திருந்தது. என் விரல் கொதிநீருக்குள் இருந்தது. வலிக்கவே இல்லை, அண்ணா.

எனக்குப் பேய் பிசாசில் நம்பிக்கை கிடையாது, உனக்கே தெரியும். ஆனாலும் நீ வருகிறாய். என்னிடமிருந்து உனக்கு ஏதோ வரவேண்டியிருக்கிறது என்று நினைக்கிறேன். அதை இன்றைக்கு எழுதிவிடுகிறேன். எழுதியதைப் பத்திரிகைக்கும் அனுப்பப் போகிறேன். நீ கேட்பாய் என்றால் ஊரும் கேட்கட்டும்.

இங்கே தசரா வந்துவிட்டது. அரண்மனை விளக்குகளை ஏற்றிப் பார்க்கிறார்கள். பொழுது சாய்ந்ததும் நம் மார்க்கெட்டுச் சந்திலிருந்து பார்த்தால் வானத்தின் ஓரம் மட்டும் பொன்னாக இருக்கிறது. கீழே, உனக்குத் தெரிந்த அதே சாக்கடை. பொருட்காட்சி மைதானத்தில் இந்த வருடம் உன் பெயரில் ஒரு கோப்பை வைத்திருக்கிறார்கள். வாசலில் உன் படம், ஆள் உயரத்துக்கு மேல். ‘மைசூர் டைகர் மாதேசன்’ என்று மூன்று மொழியில் எழுதியிருக்கிறது. வரைந்தவன் கெட்டிக்காரன். மூக்கைக்கூட நேராக்கிவிட்டான். இரண்டு கண்ணும் ஒரேமாதிரி மின்னுகின்றன. அந்த இடது கண்ணையே பார்த்துக்கொண்டு நின்றேன். பின்னால் யாரோ, “பாவம், குடிச்சே அழிஞ்சான் இந்த மனுசன்” என்றார்கள்.

படத்தில் வீரன், சந்தில் குடிகாரன். இரண்டும் முழு உண்மை இல்லை என்று தெரிந்தவர்கள் இந்த ஊரில் நானும், அப்பாவோடு மூட்டை தூக்கிய மாரி மாமாவும், நம் மார்க்கெட்டுக் கூலிக்காரர்களும்தான்.

முதல் நாள் நினைவிருக்கிறதா? ராமாபுரத்தில் மழை பொய்த்து, அப்பா நம்மைக் கூட்டிக்கொண்டு மைசூருக்கு வந்து, தேவராஜ மார்க்கெட்டில் மூட்டை தூக்கியே இருமிச் செத்த பிறகு, அவருடைய சும்மாட்டை நீ எடுத்துக்கொண்டாய். வெற்றிலைக் கூடை உன் பங்கு. ஒருநாள் ஒரு குத்துச்சண்டைக் கூடாரம் வந்து இறங்கியது. பட்டாளத்துச் சிப்பாய் ஒருவன், மூன்று சுற்று என் முன்னால் நிற்க யாருக்குத் தைரியம் என்று மேளம் கொட்டினான். நீ கூடையை இறக்கிவைத்துவிட்டுப் போனாய். அவன் குத்தினான், குத்தினான், உன் தலை பின்னால் போகவே இல்லை. “டேய், நூறு கவுளி வெத்தலையச் சொமந்த கழுத்துடா அது! உன்ற குத்துக்கா சாயும்?” என்று மாரி மாமா கத்தியது மார்க்கெட் முழுக்கக் கேட்டதாம்.

அப்புறம் எல்லாம் கனவுபோலத்தான் நடந்தது. வெற்றிலைக்கு மேலே போர்த்துகிற ஈரத்துணியைத் துவைத்து, கிழித்து, கைக்கு நாடா ஆக்கினாய். அதைக் கட்டுகிற வேலை எனக்கு வந்தது. எனக்குப் பன்னிரண்டு வயது. கூடாரத்துக் காண்ட்ராக்டர், “பொட்டப்புள்ளைக்கு இங்க என்ன வேலை?” என்றார். “என்ற தங்கச்சி கட்டுனாத்தானுங்க நான் ஏறுவேன்” என்றாய். மணிக்கட்டில் மூன்று சுற்று, உள்ளங்கையில் குறுக்கே இரண்டு, விரலிடுக்கில் ஒவ்வொன்று. உன் கைகளிலிருந்து வெற்றிலை வாசனை வரும். இப்போதும் வெற்றிலைக் கடையைத் தாண்டும்போது என் கை நாடாவைத் தேடுகிறது, இதோ மணி அடித்துவிடுவார்கள் என்று.

பெங்களூர் கன்டோன்மென்ட் பட்டாளத்தின் சாம்பியனைச் சாய்த்த அன்று உன்னைக் குதிரை வண்டியில் ஏற்றி ஊர்வலம் விட்டார்கள். பீடிக் கட்டின் மேல் உன் படம் வந்தது. “பாரு அம்முணி, என்ற மூஞ்சிய வெச்சுத்தான் ஊரே பத்த வெக்குது” என்று நீ சிரித்த சிரிப்பு! ஒரு பெரிய வீட்டில் உனக்கு விருந்து வைத்தார்கள். முன்வாசலில் மாலை போட்டு, பின்கட்டில் மாட்டுக்கொட்டகைக்குப் பக்கத்தில் இலை போட்டார்கள். சாப்பிட்ட இலையை நீயே எடுத்து, இடத்தையும் நீயே தண்ணீர் தெளித்துத் துடைத்தாய். அந்தக் கைகளுக்குத்தான் காலையில் ஊர் கைதட்டியது. நீ அதை என்னிடம் சொல்லிச் சிரித்தாய். நான் சிரிக்கவில்லை. இன்றைக்கும் சிரிப்பு வரவில்லை.

அன்று ஜெயித்த சண்டையில்தான் உன் இடது கண்ணும் போனது. அப்போது யாருக்கும் தெரியாது. ஒரு வாரம் கழித்து, கூடைகளுக்கு நடுவில் உட்கார்ந்து, ஏதோ நல்ல சேதி சொல்வதுபோல மெல்லச் சொன்னாய்.

“அம்முணி, எடக் கண்ணுல ஒரே பனியா இருக்குது. மார்கழில நம்ம தோட்டத்துல உழுகுமே, அந்த மாதிரி. வெள்ளையா, அழகாத்தான் இருக்குது.”

“டாக்டர்கிட்டக் காட்டலாம்ண்ணா.”

“காட்டுனா மறுக்கா மேடை ஏற உடமாட்டாங்க. அப்புறம் கூடைதான். உங்கண்ணி முழுகாம இருக்கறா. இன்னும் மூணு சண்டை அம்முணி. மூணே மூணு.”

நான் என்ன செய்திருக்க வேண்டும்? அழுதிருக்க வேண்டும். அண்ணியிடம் ஓடிச் சொல்லியிருக்க வேண்டும். எனக்குப் பதினெட்டு வயது, மூளை வேகமாக ஓடும் என்று கர்வம் வேறு. ஒவ்வொரு சண்டைக்கும் முன்னால் சர்க்கார் டாக்டர் வந்து ஒரு கண்ணை மூடச்சொல்லி, விரலை நீட்டி, “எஷ்டு?” என்று கன்னடத்தில் எத்தனை என்று கேட்பார். அந்த நேரத்தில் நான் உன் கையைக் கட்டிக்கொண்டிருப்பேன். டாக்டர் எத்தனை விரல் காட்டுகிறாரோ அத்தனை தடவை நான் உன் உள்ளங்கையில் அழுத்துவேன். நீ சொல்லிவிடலாம்.

யோசனை என்னுடையது, அண்ணா. உன்னுடையது இல்லை. இதுதான் நான் இத்தனை நாள் யாரிடமும் சொல்லாதது.

மாரி மாமா காதில் மட்டும் நீ போட்டுவைத்தாய்; மேடையில் நீ சமாளிக்க அவரும் நம் கூலிக்காரர்களும் வழி கண்டுபிடித்தார்கள். தலைச்சுமையோடு நடப்பவனால் பக்கவாட்டில் பார்க்க முடியாது. பின்னால் வருகிறவன் குரல் கொடுக்கவேண்டும். இடது பக்கம் பள்ளமென்றால் ‘எட’, வலது பக்கம் வண்டியென்றால் ‘பல’. கன்னடக்காரனோ தமிழனோ, மார்க்கெட்டில் எல்லோருக்கும் அந்த இரண்டு சொல்தான் கண். மேடையோரத்து மலிவு இடத்தில் இருபது பேர் உட்கார்ந்துகொண்டு, உன் இடது பக்கம் குத்து வரும்போதெல்லாம் “எட!” என்று கத்தினார்கள். நீ நகர்ந்தாய். ஜனங்கள் ஏதோ உற்சாகக் கூச்சலென்று நினைத்து, அவர்களும் சேர்ந்து கத்தினார்கள். இரண்டு சண்டை ஜெயித்தாய். அந்த நாட்களை நினைத்தால் இப்போதும் மயக்கமாக இருக்கிறது. ஒரு மார்க்கெட்டே சேர்ந்து ஒரு மனிதனுக்குக் கண்ணாக இருந்தது. அது எத்தனை அழகு, எத்தனை பெரிய முட்டாள்தனம்!

வீட்டில் வேறுமாதிரி இருந்தாய். அதையும் எழுதத்தான் வேண்டும். தலைவலி என்று குடித்தாய். சோற்றுத் தட்டை இடது பக்கம் வைத்தாளென்று அண்ணியை அறைந்தாய். தட்டு உனக்குத் தெரியவில்லை என்று அவளுக்கு எப்படித் தெரியும்? கைக்குழந்தையோடு அவள் ராமாபுரம் பஸ் ஏறியபோது, “இவருக்கு நாங்க கண்ணுக்கே தெரியறதில்லீங்க நாகு” என்றாள். அப்போதாவது நான் வாயைத் திறந்தேனா?

மூன்றாவது சண்டைக்கு அரண்மனை விருந்தாளிகள் வந்தார்கள். மேடையோரம் அவர்களுக்கு நாற்காலி. நம்மவர்களைக் கயிற்றுக்குப் பின்னால், மைதானத்தின் அந்தக் கோடிக்குத் துரத்தினார்கள். மேடைக்குப் பக்கத்தில் பாண்டு வாத்தியம். இருபது பேரும் தொண்டை கிழியக் கத்தினார்கள், உன் காதுக்கு எட்டவில்லை. நான் கூடாரத் துணியின் இடுக்கில் பார்த்தேன். நீ கையைத் தூக்கவே இல்லை. தலையைச் சாய்த்து எதையோ உற்றுக்கேட்டாய், தூரத்தில் யாரோ பேர் சொல்லிக் கூப்பிடுவதுபோல. குத்து இடது பக்கத்திலிருந்து வந்தது.

மப்பில் தடுமாறி விழுந்தான் என்று காண்ட்ராக்டர் பரப்பினார். அன்றைக்கு நீ ஒரு சொட்டும் குடிக்கவில்லை. என் கையால் கட்டினேன், உன் மூச்சு என் முகத்தில் பட்டது, எனக்குத் தெரியாதா? ஆனால் உண்மையைச் சொன்னால் டாக்டரை ஏமாற்றிய கதையும் வெளியே வரும். அதனால் சும்மா இருந்தேன். எட்டு மாதம் வலிப்போடு கிடந்து, ஒரு பனிக்காலக் காலையில் வெற்றிலைக் கூடையில் சாய்ந்தபடி நீ போய்விட்டாய். அண்ணி வந்தாள், அழவில்லை. “குடிச்சுப்போட்டு மேடையேறுனாரு. எங்க நெனப்பே இல்லை” என்று சொல்லிவிட்டுத் திரும்பிப் போனாள். இன்றுவரை அப்படித்தான் நம்புகிறாள்.

இனி முந்தாநாள் நடந்தது. வாழைக்காய் மண்டியில் சுமை தூக்குகிற முருகேசன், அந்தக் கோப்பைக்காக மேடையேற இருந்தவன், நாடாவோடு வந்தான்.

“அக்கா, உங்க கை ராசியான கையாம்ல. எனக்கும் கட்டி உடோணும்.”

“கட்டறேன். எடக் கண்ணு ஏன் கலங்கியிருக்குது?”

“தூசிங்கக்கா.”

அவன் வலது கண்ணைப் பொத்தி நான்கு விரல் காட்டினேன். “ரெண்டுங்களா?” என்றான். பிறகு வெட்கமில்லாமல் சிரித்தான். “அதுக்குத்தானுங்க உங்ககிட்ட வந்ததே. மாரி மாமா தண்ணியப் போட்டுட்டு எல்லாம் சொல்லிப்போட்டாரு. டாக்டரு கேக்கையில கொஞ்சம் அமுத்தி உடுங்க, போதும். மத்ததை நம்ம ஆளுக பாத்துக்குவாங்க.”

நான் அவன் கையிலிருந்த நாடாவை வாங்கிப் பிரித்துப் பார்த்தேன். அவன் அதைச் சம்மதமென்று எடுத்துக்கொண்டான்.

கூடாரத்தில் அவன் கையைக் கட்டினேன். மணிக்கட்டில் மூன்று, குறுக்கே இரண்டு. டாக்டர் வந்தார், அவன் வலது கண்ணை மூடினார். “எஷ்டு?” முருகேசனின் உள்ளங்கை என் கைக்குள் மலர்ந்து காத்திருந்தது. உன் கைதான், அண்ணா. அதே காய்ப்பு, அதே சூடு. வெற்றிலை வாசனைகூட வந்தது, சத்தியமாக வந்தது. வெளியே பாண்டு வாத்தியம் ஆரம்பித்தது. நீ எனக்குப் பின்னால் நிற்பதாகத் தோன்றியது. நான் விரலை அசைக்கவில்லை.

“எஷ்டு, ஹேளு” என்றார் டாக்டர் மறுபடி, சொல்லு என்று. அவன் என் கையை இறுக்கினான். “மூரு” என்றான், மூன்று என்று. டாக்டர் நீட்டியிருந்தது ஒரு விரல். புத்தகத்தில் அவன் பெயரை அடித்துவிட்டுப் போனார்.

முருகேசன் நாடாவைப் பல்லால் கிழித்தான். “உங்கண்ணனுக்கு அமுத்துன கை எனக்கு அமுத்தாதா? நான் என்ன கெடுதல் பண்ணுனேன் உங்களுக்கு?”

“எங்கண்ணனுக்கு அமுத்துனதாலதான்டா!”

“உங்கண்ணனுக்காச்சும் ரெண்டு சண்டை கெடைச்சுது. என்ற பொழப்பு மண்ணாப் போச்சு. நல்லா இருங்கக்கா.” காறித் துப்பிவிட்டுப் போனான். காண்ட்ராக்டர் என்னை இனி அந்தப் பக்கமே வரக்கூடாது என்றார். நல்லது.

நான் செய்தது சரியா? அவன் வயிற்றுக்கு நான் என்ன பதில் வைத்திருக்கிறேன்? கண் போனாலும் பரவாயில்லை, அடி வாங்கியாவது பிழைக்கலாம் என்று ஒருவன் நினைக்கும்படி வைத்திருக்கிற ஊரை விட்டுவிட்டு, நான் அவனைத் தடுத்தேன். இது எனக்குத் தெரிகிறது, அண்ணா. ஆனால் என்னிடம் இருந்தது என் பத்து விரல்தானே?

இன்று காலை ஆலைக்குப் போகிற வழியில் மார்க்கெட்டுக்குள் நடந்தேன். ஒரே பனி. சாமுண்டி மலை இருக்கிற சுவடே தெரியவில்லை. பூக்காரிகளின் விளக்குகள் தண்ணீருக்கு அடியில் எரிவதுபோல இருந்தன. எனக்கு முன்னால் ஒரு வாழைத்தார்ச் சுமை தனியாக மிதந்து போனது. கீழே முருகேசனின் கால்கள். அவனுக்கு இடது பக்கம் திறந்த சாக்கடை.

“எட!” என்று கத்தினேன்.

அவன் திரும்பவில்லை. என் குரல் என்று தெரிந்திருக்கும், முதுகு விறைத்தது. ஆனால் கால் வலது பக்கம் நகர்ந்தது. சுமை ஆடாமல் பனிக்குள் போய் மறைந்தது.

வாக்குக் கொடுக்கிறேன், அண்ணா. தசரா முடிந்ததும் ராமாபுரம் பஸ் ஏறுவேன். அண்ணி முன்னால் உட்கார்ந்து, நீ அன்று குடிக்கவில்லை, உனக்குக் கண் தெரியவில்லை, மறைத்தது நான் என்று சொல்வேன். அவளை அடித்ததற்கு உனக்காக மன்னிப்புக் கேட்கமாட்டேன், அது உன் பாடு. அவள் என்னை வெளியே தள்ளினால் வாசலில் நின்று உன் மகளுக்குச் சொல்வேன். அவளுடைய ஒரு கண்ணைப் பொத்தி விரல் காட்டுவேன், பிறகு மறு கண்ணை. சரியாகச் சொல்கிற வரைக்கும் அவள் கையைத் தொடமாட்டேன்.

அடுத்த தடவை நீராவிக்குள் வரும்போது கொஞ்சம் சத்தமாகப் பேசு. ஆலையில் ராட்டைச் சத்தம் அதிகம்.

உன் கையைக் கட்டிய தங்கை,
நாகு